யொஹான்னஸ் என்கிற அருளப்பு

நோர்வேயில் ஒரு பிள்ளை பிறந்தால் ஆறு மாதத்துக்குள் பெயரைப் பதிய வேண்டும். சட்டம் அப்படி. கேட்கும்போது தாராளமான காலம் போலத்தான் இருக்கும். துரொம்சோவில் எங்கள் வீட்டில் அந்த ஆறு மாதமும் போதாமல் போகப் பார்த்தது. மாமி ஒரு பெயர் சொல்வார். யாழ்ப்பாணத்திலிருந்து அம்மா வட்ஸ்அப்பில் இன்னொன்று அனுப்புவார். கனடாவில் இருக்கும் சின்னம்மா ஒரு பட்டியலே அனுப்பினார்.

கணவர் சொன்ன பெயர் யொஹான்னஸ். அதற்கு அவரிடம் காரணம் இருந்தது. மகன் பிறந்தது யூன் மாதக் கடைசியில், இங்குள்ளவர்கள் சங்க்ட் ஹான்ஸ் என்று சொல்லும் நாளை ஒட்டி. பிரசவம் பார்த்த மருத்துவிச்சி, "சங்க்ட் ஹான்ஸ் பிள்ளை" என்று சொல்லித்தான் அவனை என் கையில் தந்தார். அந்த நாளில் பிறந்த பையன்களுக்கு முந்திய காலத்தில் ஹான்ஸ் என்றோ யொஹான்னஸ் என்றோ வைப்பார்கள் என்றும் சொன்னார். கணவர் சின்ன வயதிலிருந்தே இங்கே வளர்ந்தவர், அந்தப் பேச்சு அவருக்கு நன்றாகப் பிடித்துப் போயிற்று. எனக்கு அப்போது நாடும் புதிது, பாஷையும் புதிது. பெயர் காதுக்கு வடிவாக இருந்தது, அவ்வளவுதான்.

மாமிக்குப் பிடிக்கவில்லை. அவர் கோபப்பட்டுச் சொல்லவில்லை, கவலைப்பட்டுச் சொன்னார். "ஊரும் போச்சுது, வீடும் போச்சுது. பேராவது தமிழாய் இருக்கட்டும் பிள்ளை." மாமா 1980களின் பிற்பகுதியில் பின்மார்க்குக்கு வந்து, மீன் தொழிற்சாலையில் கொட் மீன் வெட்டிக் குடும்பத்தைக் காப்பாற்றியவர். வட நோர்வேயின் கரையோர ஊர்களுக்கு வந்த ஆரம்பகாலத் தமிழர்களில் நிறையப் பேருக்கு அந்தத் தொழிற்சாலைகள்தான் முதல் வேலையிடம். இருட்டிலும் குளிரிலும் அந்த வாழ்க்கையை வாழ்ந்த குடும்பத்தின் மாமி பேரப்பிள்ளைக்குத் தமிழ்ப் பெயர் கேட்டால், அதை வீம்பு என்று தள்ளிவிட என்னால் முடியவில்லை. அதனால்தான் இந்தப் பெயர் எங்கிருந்து வந்தது என்று தேடத் தொடங்கினேன். பிள்ளைக்குப் பால் கொடுக்க எழும்பும் நேரமெல்லாம் போன்தான் கையில். மே கடைசியில் இருந்து யூலை பிந்தும்வரை இங்கே சூரியன் மறையாது, அதனால் இரவு என்று சொல்லவும் வராது.

முதலில் அந்த நாளைப் பற்றி. சங்க்ட் ஹான்ஸ் என்பது திருமுழுக்கு யோவானின் பிறந்த நாள், யூன் 24. ஹான்ஸ் வேறு பெயர் இல்லை, யொஹான்னஸின் முன்பாதி உதிர்ந்து நின்ற வால்தான் அது. இதே நாளுக்கு இங்கே இன்னொரு பழைய பெயரும் உண்டு: யொன்சொக். பழைய நோர்வே மொழியில் 'யோன்ஸ்வாகா', அதாவது யோனுக்கான திருவிழிப்பு. யோன் என்றாலும் அதே யோவான்தான். ஆக ஒரே நாளுக்கு இரண்டு பெயர், இரண்டிலும் ஒரே மனிதர். திருச்சபை வழக்கத்தில் புனிதர்களுக்கு இறந்த நாளைத்தான் பெரும்பாலும் திருநாளாக எடுப்பார்கள். பிறந்த நாளைக் கொண்டாடுவது யேசுவுக்கும் மாதாவுக்கும் இவருக்கும்தான். லூக்கா நற்செய்தியின்படி யோவான் யேசுவுக்கு ஆறு மாதம் மூத்தவர், ஆகவே நத்தாருக்கு நேர் எதிர்ப்பக்கத்தில் வருடத்தின் நடுவில் அவருடைய நாள் அமைந்தது. அது கோடையின் உச்சம். முதல்நாள் மாலை நோர்வே முழுக்கக் கரையோரங்களில் தீ மூட்டுவார்கள். மேற்குக் கரையில் ஓலசுண்ட் என்ற ஊரில் மரப்பலகைத் தட்டுகளை அடுக்கி 40 மீற்றருக்கும் மேலான கோபுரமாகக் கட்டிக் கொளுத்தியதும் உண்டு. எங்கள் பக்கத்தில் சின்னத் தீதான். தலைக்கு மேலே வெயில் நிற்கும்போதே எரியும் தீ.

யோவானுக்குப் பெயர் வைத்த கதையும் லூக்காவில்தான் வருகிறது. எட்டாம் நாள் சொந்தக்காரரும் அயலவரும் கூடி, தகப்பனின் பெயரான சக்கரியா என்பதையே பிள்ளைக்கும் வைக்கப் பார்க்கிறார்கள். தாய் எலிசபெத் மறுத்து, யோவான் என்கிறார். உன் உறவுக்குள் இந்தப் பெயர் ஒருவருக்கும் இல்லையே என்று கேட்கிறார்கள். பேச்சிழந்திருந்த சக்கரியா எழுதுபலகை வாங்கி, பெயர் யோவான் என்று எழுதிக் காட்டுகிறார். இந்தப் பகுதியை ஞாயிற்றுக்கிழமைகளில் எத்தனையோ தடவை கேட்டிருக்கிறேன். மடியில் பெயர் இல்லாத ஒரு பிள்ளையை வைத்துக்கொண்டு வாசித்தபோதுதான் எலிசபெத்தின் துணிச்சல் எனக்குப் பிடிபட்டது.

பெயரின் எபிரேய வடிவம் யோஹனான். 'யோ' என்பது யாவே என்ற கடவுள் பெயரின் சுருக்கம். 'ஹனான்' ஒரு வினைச்சொல்: இரங்கினார், அருள் காட்டினார். பழைய எபிரேயப் பெயர்கள் பல இப்படித்தான் ஒரு முழு வாக்கியமாகவே இருக்கும். பழைய ஏற்பாட்டில் இந்தப் பெயரில் பலர் உண்டு. அவர்களில் என்னை நிறுத்தி வைத்தவர் எரேமியா ஆகமத்தில் வரும் கரேயாவின் மகன் யோகனான். கிறிஸ்துவுக்கு முன் ஆறாம் நூற்றாண்டில் பாபிலோனியர் எருசலேமை அழிக்கிறார்கள். பிறகு அவர்கள் வைத்த ஆளுநர் கொலையாகிறார். பழி தங்கள்மேல் விழும் என்ற பயத்தில் மிஞ்சிய சனத்தைக் கூட்டிக்கொண்டு எகிப்துக்குப் போகிறவர் இந்த யோகனான். போக வேண்டாம் என்று எரேமியா தடுத்தும் போகிறார், எரேமியாவையும் கூட்டிக்கொண்டே போகிறார். வேதாகமம் அதைச் சரி என்று சொல்லவில்லை. ஆனால் உயிருக்குப் பயந்து ஊரை விட்டு வெளிக்கிட்டவர்களை நான் அறிவேன். அந்த மனிதரை எனக்குக் குற்றம் சொல்ல மனம் வரவில்லை.

எபிரேயத்திலிருந்து கிரேக்கத்துக்குப் போய் இயோவான்னெஸ் ஆகி, லத்தீனில் யொஹான்னெஸ் ஆன பிறகு இந்தப் பெயர் போகாத இடமில்லை. ஸ்பானியரிடம் ஹுவான், இத்தாலியரிடம் ஜொவான்னி, ரஷ்யரிடம் இவான், போலந்தில் யான், அயர்லாந்தில் ஷோன். குர்ஆனில் இவர் யஹ்யா. பின்லாந்தில் கோடை நடுத் திருநாளுக்கே யுஹான்னுஸ் என்றுதான் பெயர். இந்த வடக்கில் வாழும் சாமி மக்கள் யொவ்னா என்கிறார்கள். நோர்வேயில் மட்டும் ஒரு வீதிக்குப் போதுமான வடிவங்கள் உண்டு: யொஹான், யோன், யோ, யான், யென்ஸ், ஹான்ஸ். முன்னாள் பிரதமர் யென்ஸ் ஸ்டொல்டென்பெர்க்கின் யென்ஸும் இதுதான். 1884 முதல் 1889 வரை பிரதமராக இருந்த யொஹான் ஸ்வெர்ட்ரப்பின் யொஹானும் இதுதான். அவர் பெயரை வைத்த எண்ணெய் வயலில் 2019இல் உற்பத்தி தொடங்கியது.

அப்புறம் குடும்பப்பெயர் விசயம். இங்கே வந்த நாளிலிருந்து என்னை உறுத்திக்கொண்டிருந்தது இது. எங்கள் ஊரில் குடும்பப்பெயர் என்று ஒன்று இல்லை. பிள்ளையின் பெயருக்கு முன்னால் தகப்பனின் பெயர் வரும். இங்கேயோ விண்ணப்பப் படிவத்தில் குடும்பப்பெயர் என்ற கட்டம் இருக்கிறது, அதில் தகப்பனின் பெயர் போய் விழுந்துவிடும். சுகாதார நிலையத்தில் என் அப்பாவின் பெயரைச் சொல்லிக் கூப்பிடுவார்கள், நான் எழும்பிப் போவேன். அப்பா உயிரோடு யாழ்ப்பாணத்தில் இருக்க, அவர் பெயருக்கு நான் இங்கே ஆஜராவது மனதுக்கு என்னவோ போல இருக்கும்.

இதை மொழி வகுப்பு ஆசிரியையிடம் ஒருநாள் சொன்னேன். அவர் கரும்பலகையில் ஹன்சன் என்று எழுதினார். இந்த நாட்டில் மிக அதிகம் பேருக்கு இருக்கும் குடும்பப்பெயர் அது. அடுத்தது யொஹான்சன். ஹான்ஸின் மகன், யொஹானின் மகன், இவ்வளவுதான் அவற்றின் பொருள். முந்தி நோர்வேக்காரருக்கும் நிலையான குடும்பப்பெயர் இருக்கவில்லை. ஹான்ஸின் மகன் ஊலே என்றால் அவர் ஊலே ஹன்சன், அவருடைய மகன் பெர் என்றால் பெர் ஊல்சன், மகள் என்றால் ஊல்ஸ்டாட்டர். அதற்குப் பின்னால் குடியிருக்கும் பண்ணையின் பெயர். கல்யாணம் முடித்தாலும் பெண்ணுக்குத் தகப்பனின் பெயர்தான். எல்லோருக்கும் பரம்பரையாகத் தொடரும் ஒரே குடும்பப்பெயர் கட்டாயம் என்று சட்டம் வந்தது 1923இல். தகப்பன் பெயரும் ஊர்ப் பெயருமாக இருந்தவர்கள் அப்போதுதான் ஒன்றில் நிலைத்து நின்றார்கள். ஐஸ்லாந்தில் இன்றைக்கும் பழைய வழக்கம்தான். எங்கள் வழக்கத்தை நான் இங்கே வந்து விளங்கப்படுத்திக் களைத்துப் போயிருந்தேன். அதே வழக்கத்தில் இந்தச் சனமும் நூறு வருடத்துக்கு முன்வரை வாழ்ந்தது என்று தெரிந்தபோது, இந்த ஊரோடு எனக்கிருந்த கூச்சம் நிறையவே குறைந்தது.

இதெல்லாம் சரி, மாமிக்கு என்ன சொல்வது?

பதில் செபத்திலிருந்து வந்தது. பெயர்ப் பட்டியல்களில் யொஹான்னஸுக்கு நேரே 'கடவுள் நோடி' என்று நோர்வே மொழியில் போட்டிருக்கும். அதற்கு அடியான நோட என்ற சொல்லை நான் வகுப்பில் படிக்கவில்லை, கோவிலில் படித்தேன். துரொம்சோவில் 1861இல் கட்டிய மரக் கோவில் ஒன்று இருக்கிறது, மாதா பெயரில். கத்தோலிக்க ஆயரின் இருக்கையாக உள்ள பேராலயங்களில் உலகத்திலேயே ஆக வடக்கில் இருப்பது அதுதான். அங்கே செபமாலை சொல்லும்போது 'அருள் நிறைந்த மரியாயே' என்று நாங்கள் சொல்லும் இடத்தில் அவர்கள் 'நோட நிறைந்த' என்பார்கள். நோட என்றால் அருள். கடவுள் அருளினார் என்பதுதான் யொஹான்னஸ்.

அருள் என்றதும் அப்பப்பா நினைவுக்கு வந்தார். குருநகரில் வலை போட்டு வாழ்ந்த மனிதர். ஞானஸ்நானப் பெயர் அருளப்பு. யாழ்ப்பாணத்துக் கத்தோலிக்கருக்குள் அது பழகின பெயர், தனித் தமிழ்ப் பெயர் என்றே நான் நினைத்திருந்தேன். ஆனால் பழைய கத்தோலிக்கத் தமிழ் வேதாகமத்தில் யோவான் நற்செய்திக்கு அருளப்பர் நற்செய்தி என்றுதான் பெயர். 1995இல் பொது மொழிபெயர்ப்பு வந்த பிறகுதான் கோவில்களில் யோவான் என்று வாசிக்கத் தொடங்கினோம். பேதுருவுக்கு இராயப்பர், பவுலுக்குச் சின்னப்பர், யோசேப்புக்குச் சூசையப்பர் என்ற வரிசையில் சூசை என்பது போர்த்துக்கேயரின் ஜொசே, எபிரேய யோசேப்பு, ஒலி மட்டும் மாறி வந்தது. அருளப்பரில் ஒலி வரவில்லை, கருத்து வந்திருக்கிறது. யாரோ ஒருவர் அந்த எபிரேய வாக்கியத்தின் பொருளை அறிந்து, அதைத் தமிழாகவே பெற்றெடுத்திருக்கிறார். லிஸ்பனில் பிறந்து, மறவர் நாட்டில் பணிசெய்து, 1693இல் ஓரியூரில் தலை வெட்டப்பட்ட ஜொவான் தே பிரிட்டோ தமிழில் அருளானந்தர் ஆனதும் இதே வழியில்தான்.

மாமியிடம் இதைச் சொன்னபோது அவர் சோற்றுக்குக் குத்தரிசி கழுவிக்கொண்டிருந்தார். "அப்ப உன்ர அப்பப்பான்ர பேர்தானே இது?" என்றார். பிறகு அருளப்பரின் திருநாளுக்கு ஊரில் என்னென்ன செய்வோம் என்று தொடங்கி வெகுநேரம் கதைத்தார். முடிவில், "ரெண்டையும் வையுங்கோ" என்றார். இங்கே ஒரு பிள்ளைக்கு ஒன்றுக்கு மேற்பட்ட முதற்பெயர்கள் வைக்கலாம். பெயர்ப் பதிவை வரித் திணைக்களம்தான் செய்கிறது. இணையத்தில் இரண்டு பெயரையும் போட்டு அனுப்பினோம்: யொஹான்னஸ் அருள்.

இப்போது அவன் சிறுவர் பள்ளிக்குப் போகிறான். கோட்டு மாட்டும் கொளுவிகளுக்கு மேலே பெயர்கள் எழுதியிருக்கும். இவனுக்கு ஒரு பக்கம் யாக்கொப், மறுபக்கம் எலியாஸ், கொஞ்சம் தள்ளி நோவா. எல்லாம் எபிரேயப் பெயர்கள். அண்மைக் காலத்தில் நோர்வேப் பெற்றோர் விரும்பி வைக்கிற பெயர்களும் அவைதான். யாக்கொப் என்றால் எங்கள் குருநகர்க் கோவிலின் யாகப்பர். பள்ளியில் இவன் யொஹான்னஸ், வீட்டில் அருள். ஊரில் அம்மா ஆங்கில எழுத்தைப் பார்த்து 'ஜொகானஸ்' என்பார். இங்கே அந்த எழுத்துக்கு ய என்ற ஓசைதான், எபிரேயத்திலும் அதுதான் என்று சொல்லியிருக்கிறேன். யோவான் என்று சொல்லிப் பழகிய வாய்க்கு அது கஷ்டமில்லை, மெல்ல மெல்ல வருகிறது.

அடுத்த பிள்ளை மாசியில் பிறக்க வேண்டும். பெண் என்றால் ஹன்னா என்று வைக்கலாமா என்று கேட்டிருக்கிறேன். ஹனான் என்ற அதே வேரிலிருந்து வந்த பெயர் அது. சாமுவேலின் தாய்க்கும், கிரேக்க வடிவில் மாதாவின் தாய் அன்னாவுக்கும் அதுதான் பெயர். மாமியின் அம்மா பெயர் அன்னம்மா. இதை மாமிக்கு விளங்கப்படுத்த இந்த முறை நேரம் எடுக்கவில்லை. "முதல்ல சுகமாய்ப் பிறக்கட்டும் பிள்ளை, பிறகு பாப்பம்" என்றார். அன்று மாலையே கனடாவுக்கு எடுத்துச் சின்னம்மாவிடம், அன்னம்மா பேர் வைக்கப் போயினமாம் என்று சொல்லிவிட்டார்.