23,079 ரூவா கட்டுனேன், அதுல அசலுக்குப் போனது 96 ரூவா

எங்கூரு கொழிஞ்சாம்பாறைக்குப் பக்கம். பாலக்காடு ஜில்லா சித்தூர் தாலூக்கா, ஆந்திராவுல இருக்கற சித்தூர் இல்லீங்க. ரேஷன் கார்டு மலையாளம், வீட்ல பேசறது தமிழு, வேலை கோயமுத்தூர்ல. டெய்லி வேலந்தாவளம் செக்போஸ்ட் தாண்டி பஸ்ல போயிட்டு வர்ற ஆளு நானு. அப்பா பாகம் பிரிச்சுக் குடுத்த எடத்துல 2021ல வீடு கட்டுனேன், அதுக்கு 30 லட்சம் ஹோம் லோன். அந்த லோன் கதையத்தான் ரொம்ப நாளா எழுதோணும்னு இருந்தேன், போன வாரம் மச்சான் ஒருத்தன் "மாமா நானும் லோன் போடலாம்னு இருக்கேன், 30 வருஷம் போட்டா இஎம்ஐ கம்மியா வருதாமே"ன்னு கேட்டுட்டு நின்னான், அதான் உக்காந்துட்டேன்.

நான் லோன் எடுத்தப்ப எல்லாரும் சொன்னது ஒண்ணுதான், இந்த மாதிரி வட்டி இனி வராதுன்னு. அது நெசந்தான். கொரோனா டைம்ல ரிசர்வ் வங்கி ரெப்போ ரேட்ட, அதாவது பேங்க்குகளுக்கு அது கடன் குடுக்கற வட்டிய, 4 பெர்சன்ட்டுக்கு எறக்கி வச்சிருந்துச்சு, அதுக்கு மேல பேங்க்காரங்க 2.9 சேத்து எனக்கு 6.9ன்னு போட்டாங்க. 20 வருஷம், மாசம் 23,079 ரூவா. 2021 நவம்பர்ல மொத இஎம்ஐ. அதுல 17,250 வட்டி, 5,829 அசல். மொத்தமா 240 மாசம் கட்டுனா 55 லட்சத்து 39 ஆயிரம் வரும்னு ஒரு பேப்பர்லயும் இருந்துச்சு, நான் பாத்தேன், பாத்துட்டு மடிச்சு வச்சுட்டேன். யாருதான் பாப்பாங்க அத. அப்ப மனசெல்லாம் கான்கிரீட் வார்க்கறதுல இருந்துச்சு.

அந்த 6.9ங்கறது நிக்காத நம்பருன்னு எனக்குத் தெரியும், ஃப்ளோட்டிங்னு, அதாவது ஏறி எறங்கற வட்டின்னு எழுதிருக்குல்ல. ஆனா தெரியறதுக்கும் ஒறைக்கறதுக்கும் வித்தியாசம் இருக்குதுங்க. 2019 அக்டோபர்ல இருந்து பேங்க்கு குடுக்கற புது ஃப்ளோட்டிங் வீட்டு லோன் எல்லாம் ரெப்போ மாதிரி வெளிய இருக்கற ஒரு ரேட்டோட கட்டிப் போட்டாச்சு, அது ஏறுனா மூணு மாசத்துக்குள்ள நமக்கும் ஏறும். 2022 மே மாசம் 4ந் தேதி, முன்கூட்டி அறிவிக்காத மீட்டிங்ல, ரிசர்வ் வங்கி ரெப்போவ 4.40 ஆக்குச்சு. ஜூன்ல 4.90. செப்டம்பர் கடைசில 5.90. டிசம்பர்ல 6.25. 2023 பிப்ரவரில 6.50. ஒம்பது மாசத்துல ரெண்டரை பெர்சன்ட். நியூஸ்ல ஓடிட்டு இருந்துச்சு, நானும் பஸ்ல போறப்ப மொபைல்ல படிச்சேன், அடுத்த செய்திக்கு தள்ளிட்டேன். ஏன்னா என் அக்கவுன்ட்ல மாசாமாசம் போனது அதே 23,079தான். ஒரு ரூவா கூடல. நல்ல பேங்க்கு நம்மள தொடலன்னு நெனச்சுக்கிட்டேன் பாருங்க, அந்த நெனப்புக்கே தனியா வட்டி போடலாம்.

2023 ஜனவரில ஏதோ வட்டி சர்டிபிகேட் வாங்க பிராஞ்சுக்குப் போனேன், அம்மாவும் பென்சன் விஷயமா கூட வந்துச்சு. கவுன்ட்டர்ல இருந்த சேச்சி சிஸ்டத்தப் பாத்துட்டு சாதாரணமா "காலாவதி நீட்டியதா சாரே, இஎம்ஐ மாறியிட்டில்லல்லோ"ன்னாங்க. அம்மாவுக்கு மலையாளம் நல்லாவே வரும், ஆனா காதுல மொதல்ல விழறது தமிழுதான். மாத்திர அட்டையில போட்டிருக்குமே காலாவதி, அந்தக் காலாவதி. வெளிய வந்ததும் "ஏங் கண்ணு, லோனு காலாவதி ஆயிப்போச்சா, அப்ப இனி கட்ட வேண்டாமா?"ன்னு அத்தன சந்தோஷமா கேட்டுச்சு. மலையாளத்துல காலாவதின்னா தவணைக் காலம். லோன் முடியல, இஎம்ஐ மாறாம காலம் மட்டும் நீண்டு போயிருக்கு. நான் சிரிச்சு சிரிச்சு பஸ் ஸ்டாண்ட் வரைக்கும் வந்தேன், அதுக்கப்புறம்தான் சிரிப்பு நின்னுச்சு. எவ்வளவு நீட்டுனாங்கன்னு நான் கேக்கவே இல்லியே.

வீட்டுக்கு வந்து எக்செல்ல போட்டுப் பாத்தேன். அப்ப வட்டி 9.15 ஆயிருக்கு. பாக்கி 29 லட்சத்து 36 ஆயிரம். மாசம் வட்டியே 22,388, அசலுக்குப் போறது 691 ரூவா. இதே வேகத்துல போனா இன்னும் 462 மாசம், அதாவது முப்பத்தெட்டரை வருஷம். ஏப்ரல் வந்தப்ப வட்டி 9.4. அந்த மாசம் 23,079 கட்டுனதுல வட்டி 22,983. அசல் 96 ரூவா. தொண்ணூத்தாறு. கொழிஞ்சாம்பாறைல ரெண்டு பேரு சாப்ட்டா பத்தாது. 96 ரூவாயா அடைச்சா எப்ப முடியும்னு அதையும் போட்டேன், மாசாமாசம் கொஞ்சங்கொஞ்சமா கூடறதையும் சேத்தேதான், 702 மாசம்னு வந்துச்சு. அம்பத்தெட்டரை வருஷம். எனக்கு அப்ப 40 வயசு, 98 வயசுல ஆதாரத்த வாங்கிட்டு வருவேன். எங்க பக்கம் பத்திரத்த ஆதாரம்னுதான் சொல்லுவோம், அத பேங்க்ல வச்சுட்டா வீட்டுக்கு ஆதாரமே இல்லாத மாதிரி ஒரு இதுதான்.

மார்ச் வரைக்கும் 17 மாசம், 3 லட்சத்து 92 ஆயிரம் கட்டிருக்கேன், கடன் கொறஞ்சது 66 ஆயிரம். இத எங்கப்பாகிட்ட சொன்னா தோப்ப வித்து அடைக்கலாம்பாரு, அதனால சொல்லல.

இங்கதான் விஷயம் இருக்கு. வீட்டு லோனோட விலைன்னா நாம வட்டி பெர்சன்ட்டத்தான் பாக்கறோம், அந்த பேங்க்ல 8.5, இந்த பேங்க்ல 8.4ன்னு தெருத்தெருவா விசாரிக்கறோம், ஆனா ரொம்பக் காசு போறது காலத்துல. மச்சானுக்கு நான் போட்டுக் காட்டுன கணக்கு இது, 30 லட்சம், 8.5 பெர்சன்ட்னு வச்சுக்கங்க. 15 வருஷம்னா மாசம் 29,542, மொத்த வட்டி 23 லட்சம் சொச்சம். 20 வருஷம்னா 26,035, வட்டி முப்பத்திரெண்டரை லட்சம். 30 வருஷம்னா 23,067, வட்டி 53 லட்சம். இருவதுல இருந்து முப்பதுக்குப் போனா மாசம் மிச்சமாறது மூவாயிரம் கூட இல்ல, ஆனா இருவது லட்சத்துக்கு மேல கூட போகுது. அவன் கொஞ்ச நேரம் பேசாம இருந்தான். அப்புறம் "ஆனா மாமா, இருவது வருஷம் கழிச்சு 23 ஆயிரத்துக்கு என்ன மதிப்பு இருக்கப் போகுது"ன்னான். அதுலயும் நியாயம் இருக்கு, இல்லேங்கல. எங்க பெரியப்பா ஒரு காலத்துல சம்பளத்துல பாதிய லோனுக்குக் கட்டிட்டு இருந்தாரு, ரிடையர் ஆறப்ப அதே தொகை பால் காசு மாதிரி ஆயிருந்துச்சு. ஆனா அவருக்கு கவர்மென்ட் சம்பளம், வருஷா வருஷம் ஏறுச்சு. மோட்டார் கம்பெனில வேல பாக்கற நமக்கு ஆர்டர் இல்லைன்னா ஓவர்டைமே போயிரும். சம்பளம் ஏறும்னு நம்பி எடுக்கற லோன், ஏறலைன்னா என்ன ஆகும்னு அவன்கிட்டயே கேட்டேன்.

இன்னொண்ணு. 20 வருஷத்துல பாதி, 10 வருஷம் கட்டுனா பாதிக் கடன் முடியும்னுதான நெனைப்போம்? 8.5 பெர்சன்ட்டுல பாதி அசல் முடியறதுக்கே கிட்டத்தட்ட 14 வருஷம் ஆகும். மொத அஞ்சு வருஷத்துல பதினஞ்சரை லட்சத்துக்கு மேல கட்டிருப்போம், கடன் மூணரை லட்சம்தான் கொறஞ்சிருக்கும். இதுல திருட்டு ஒண்ணும் இல்லீங்க, பாக்கி எவ்வளவோ அதுக்குத்தான் வட்டி, மொதல்ல பாக்கி ஜாஸ்தி அதனால வட்டி ஜாஸ்தி. ஆனா அஞ்சாவது வருஷம் வீட்ட வித்துட்டு வேற எடம் போலாம்னு இருக்கறவங்க இத ஒரு தடவ போட்டுப் பாத்துட்டு எறங்கறது நல்லது.

சில்லறைச் செலவுன்னு நெனச்சதும் சில்லறை இல்ல. பிராசசிங் ஃபீஸ், வக்கீல் ஒப்பீனியன், எடத்த மதிப்பு போட வர்ற எஞ்சினியரு, வில்லேஜ் ஆபீஸ்ல பொசஷன் சர்டிபிகேட்டுக்கு நடந்த நடை. வீடு கட்டற ஒம்பது மாசம், பேங்க்ல அதுவரைக்கும் குடுத்த பணத்துக்கு மட்டும் தனியா வட்டி, அது ஒரு முக்கால் லட்சம் போச்சு, அதுல அசல் ஒத்தப் பைசா கொறையாது. வீடு முடிஞ்சதும் வில்லேஜ் ஆபீஸ்ல ஒரே தடவ கட்டற கட்டட வரி, அப்புறம் பஞ்சாயத்துல வருஷா வருஷம். இதெல்லாம் கூட பரவால்ல. என்னை ரொம்ப எரிச்சலாக்குனது இன்சூரன்சு. கையெழுத்து போடற அன்னைக்கு, லோனுக்கு கவர் வேணும் சார்னு ஒரு லட்சம் பிரீமியத்த லோனோடயே சேத்துட்டாங்க, எனக்கு வந்த 30 லட்சத்துல ஒரு லட்சம் அப்படியே அங்கயே திரும்பிப் போயிருச்சு. ஒரு லட்சத்துக்கு மாசம் 769 ரூவா, 240 மாசம், ஒரு லட்சத்து எம்பத்தஞ்சாயிரம் வருது, அதுவும் வட்டி 6.9லயே நின்னிருந்தா. இன்சூரன்ஸ் வேண்டாம்னு சொல்ல மாட்டேன், நாளைக்கு எனக்கு ஒண்ணு ஆச்சுன்னா வீட்லவங்க கடனோட நிக்கக் கூடாது. ஆனா தனியா டேர்ம் பாலிசி எடுத்திருக்கலாம், கைக்காசுல கட்டிருக்கலாம். அன்னைக்கு நாப்பது பக்கத்துக்கு இங்கிலீஷ் அக்ரிமென்ட்டு, ஏசி ரூமு, டீ வேற குடுத்தாங்க. படிக்கல.

லோன் எடுத்தா வரி மிச்சம்னு ஆபீஸ்ல ஒரு குரூப்பே சொல்லும். பழைய முறைல குடியிருக்கற வீட்டு வட்டிக்கு வருஷம் 2 லட்சம் வரைக்கும் கழிக்கலாம், 20 பெர்சன்ட் ஸ்லாப்ல இருந்தா செஸ்ஸும் சேத்து நாப்பத்தோராயிரம் ரூவாக்கு மேல மிச்சமாகும். புது முறைல அதுவும் கெடையாது. நாப்பதாயிரம் மிச்சம் புடிக்க 2 லட்சம் வட்டி கட்டறது, அத லாபம்னு சொல்றவங்கள என்ன சொல்ல.

சரி, என் கதைக்கு வர்றேன். ஏப்ரல் கடைசில நானே மேனேஜரப் போய்ப் பாத்தேன். நல்ல மனுஷன், கோட்டயம் பக்கம் ஆளு, "முதலும் பலிசயும்"னு, அதாவது அசலும் வட்டியும்னு, பேப்பர்ல ரெண்டு கோடு போட்டு பொறுமையா சொன்னாரு. காலாவதிய பழையபடி 2041லயே நிறுத்தணும்னா இஎம்ஐ 27,922 ஆகும்னாரு. ஏறக்குறைய அஞ்சாயிரம் கூட. வீட்ல பேசினோம், பெரியவளோட ட்யூஷன், பைக்குக்கு இருக்கற லோன், எல்லாம் எழுதிப் பாத்து, சரின்னு ஒத்துக்கிட்டு மே மாசத்துல இருந்து அதக் கட்டறேன். அதுக்கப்புறம் ஆகஸ்ட் 18ந் தேதி ரிசர்வ் வங்கியே ஒரு சர்க்குலர் போட்டுச்சு, வட்டி ஏறுனா அது இஎம்ஐயிலயா காலத்துலயா எதுல ஏறுதுன்னு கடன் வாங்குனவங்களுக்குச் சொல்லணும், எது வேணும்னு தேர்ந்தெடுக்க விடணும்னு. என்ன மாதிரி ஆளுங்க நெறைய இருந்திருப்பாங்க போல.

2024 ஏப்ரல்ல நாலு வருஷமா கட்டிட்டு இருந்த சிட்டி, அதாங்க சீட்டு, விழுந்துச்சு, 2 லட்சம் எடுத்துட்டுப் போய் லோன்ல கட்டுனேன். ஃப்ளோட்டிங் வீட்டு லோனுக்கு முன்கூட்டி கட்டுனா அபராதம் போடக் கூடாதுன்னு 2012ல இருந்தே விதி இருக்கு, ஆனா கட்டறப்ப ஒண்ணு கேப்பாங்க, இஎம்ஐ கொறைக்கறதா, காலாவதி கொறைக்கறதான்னு. சில எடத்துல கேக்காமயே இஎம்ஐய கொறைச்சுருவாங்களாம், அதனால எழுதியே குடுத்துட்டேன், காலாவதின்னு. 210 மாசம் பாக்கி இருந்தது 178க்கு வந்துச்சு. 32 மாசம். அந்த 32 மாச இஎம்ஐயக் கூட்டுனா கிட்டத்தட்ட 9 லட்சம். 2 லட்சத்துக்கு 9 லட்சம்னு நான் வீட்ல வந்து குதிச்சேன், வீட்டுக்காரி "அந்த 9 லட்சம் 2041க்குப் பக்கத்துல கட்ட வேண்டியது, இப்பவே கைக்கு வந்த மாதிரி குதிக்காதீங்க"ன்னா. அவ சொல்றதுதான் சரி, ஆனா எனக்கு அன்னைக்குக் குதிக்கோணும் போல இருந்துச்சு.

2025ல ரெப்போ எறங்குச்சு, பிப்ரவரில, ஏப்ரல்ல, ஜூன்ல, ஜூன்ல அது 5.50க்கு வந்துச்சு. ஜூலைல எனக்கு 8.4 ஆச்சு. இஎம்ஐய தொட வேண்டாம்னு சொல்லிட்டேன், அதே 27,922, அதுல வட்டி 18 ஆயிரத்துக்கும் கொஞ்சம் கீழ, அசலுக்கு பத்தாயிரத்துக்குப் பக்கம். இப்படியே போனா 2037 கடைசில முடியும், நடுவுல மறுபடி ஏறலைன்னா. புதுசா வர்றவங்களுக்கு 2.9ஐ விட கம்மியா சேக்கறாங்கன்னு கேள்விப்பட்டு, பழைய ஆளான எனக்கும் கொறைக்கச் சொல்லி எழுதிக் குடுத்திருக்கேன், அதுக்கு ஒரு ஃபீஸ் கேக்கறாங்க, அது கட்டுபடி ஆகுமான்னு சனிக்கெழம கணக்கு போடோணும்.

முன்னெல்லாம் அம்மா அஞ்சாந் தேதி ஆனா "தவணை கட்டியாச்சா கண்ணு"ன்னு கேக்கும். இப்ப கேக்கறதே வேற, "இந்த மாசம் முதலுக்கு எவ்வளவு போச்சு?" நம்பரச் சொன்னா பாலக்காடு ரோட்டுல வாங்குன கேலண்டர்ல பென்சில்ல குறிச்சு வைக்குது, பால் கணக்குக்குப் பக்கத்துல.