பாரம் கைமாறும் கணம்

ஓவியங்களையும் சிலைகளையும் சுவரிலிருந்து இறக்கி, பஞ்சணைத்த மரப்பெட்டிகளில் அடைத்து, வேறோர் ஊரின் சுவரில் ஏற்றிவிட்டுத் திரும்புவதே பெல்ஜியத்தின் ஆன்ட்வெர்ப் நகரில் பத்தொன்பது ஆண்டுகளாக என் தொழில். இந்த வேலையில் தூக்குவதைவிட இறக்குவதே கடினம். தூக்கும்போது வேகமும் அளவும் நம் வசத்தில் இருக்கும். இறக்கும்போது பொருள் தன் பாரத்தால் தானே கீழே போகப் பார்க்கும், நாம் அதைத் தடுத்துக்கொண்டே விட்டுக்கொடுக்க வேண்டும். ஆகவே எங்களிடையே மாறாத விதி ஒன்று உண்டு: கீழே நிற்பவர் "என்னிடம் வந்துவிட்டது" என்று வாய்விட்டுச் சொல்லும்வரை மேலே இருப்பவர் கையை எடுக்கக் கூடாது.

அந்த விதியை நான் முழுமையாக உணர்ந்தது இந்த நகரின் தூய மரியன்னை பேராலயத்தில், பதினேழாம் நூற்றாண்டு ஓவியர் பீட்டர் பவுல் ரூபென்ஸ் தீட்டிய 'சிலுவையிலிருந்து இறக்குதல்' என்னும் பீட ஓவியத்தின் முன்னால்தான். வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஞாயிறு திருப்பலிக்குப் போனபோது, பேராலயத்தின் தென்புறக் குறுக்குக் கூடத்தில், நாலு மீட்டருக்கும் மேல் உயர்ந்து நிற்கும் அந்த ஓவியத்தைக் கண்டேன். அதுவரை பக்திப் படங்களைக் கும்பிட்டுப் பழகிய நான், அன்று முதன்முறையாக ஒரு பக்திப் படத்தில் யார் எதைப் பிடித்திருக்கிறார்கள் என்று எண்ணிப் பார்த்தேன்.

நடுவில் ஒரு பலகையும், இரு பக்கமும் கதவுபோல் மூடித் திறக்கும் பலகைகளுமாக அமைந்த ஓவியம் இது. நடுப்பலகையில் இயேசுவின் உடலைச் சுற்றி எட்டுப் பேர் இருக்கிறார்கள். சிலுவையின் குறுக்கு மரத்தில் வயிறு அழுந்தக் குனிந்தபடி மேலே இரண்டு கூலியாட்கள். அவர்களில் ஒருவர் கை போதாமல், உடலைத் தாங்கி இறங்கும் வெள்ளைத் துணியின் விளிம்பைப் பற்களால் கடித்துப் பிடித்திருக்கிறார். நடுவே ஏணிகளில் அரிமத்தியா யோசேப்பும் நிக்கதேமும் இரு பக்கமும் நிற்கிறார்கள். கீழே சிவப்பு உடையில் சீடர் யோவான், ஒரு காலை ஏணிப்படியில் ஊன்றி, முதுகைச் சற்றே பின்னுக்குச் சாய்த்து, வரும் பாரத்தைத் தன் நெஞ்சில் வாங்க ஆயத்தமாக நிற்கிறார். நீல உடையில் வெளிறிய முகத்தோடு அன்னை கையை நீட்டுகிறார். முழந்தாளிட்டிருக்கும் பெண்களுள் ஒருவரான மகதலா மரியாவின் தோளில் இயேசுவின் ஒரு பாதம் படிந்திருக்கிறது. வலது மூலையில், தரையில், முள்முடி கிடக்கும் ஒரு பாத்திரம்.

கண்ணை முதலில் இழுப்பது அந்த வெள்ளைத் துணி. வலது மேல்முனையிலிருந்து இடது கீழ்ப்பக்கத்துக்குச் சாய்வாக, இருண்ட வானத்தின் நடுவே ஒளி அருவிபோல் அது இறங்குகிறது. ஓவிய நூல்கள் இதை மூலைவிட்ட அமைப்பு என்றும் அக்கால ஐரோப்பாவின் பரோக் ஓவியப் பாணியின் அடையாளம் என்றும் சொல்லும். அது சரியே. ஆனால் எங்கள் தொழில்காரன் ஒருவனிடம் கேட்டால், அந்தத் துணி ஒரு தூக்குப்பட்டை என்றுதான் சொல்வான். உடலின் பாரத்தை ஒரே புள்ளியில் விழவிடாமல் எட்டுப் பேரிடமும் பகிர்ந்து கொடுப்பது அந்தத் துணியே. ஓவியத்தின் அழகு எந்தக் கோட்டில் ஓடுகிறதோ, வேலையும் அதே கோட்டில்தான் நடக்கிறது. இதை ஒரு தற்செயலாக என்னால் ஏற்க முடியவில்லை.

தொழிலின் தொடக்க ஆண்டுகளில், ஒரு பழைய மரச் சிலையை நாங்கள் இறக்கிக்கொண்டிருந்தபோது, மேலே இருந்தவர் என் குரலுக்குக் காத்திராமல் கையை எடுத்துவிட்டார். சிலையை நான் நெஞ்சோடு அணைத்துப் பிடித்துவிட்டேன். ஆயினும் ஏணிப்படியில் மோதி அதன் ஒரு விரல் ஒடிந்தது. இரவெல்லாம் தூக்கம் வரவில்லை. மறுநாள் காலை பேராலயத்துக்குப் போய் இந்த ஓவியத்தின் முன் நெடுநேரம் உட்கார்ந்திருந்தேன். கையை முற்றிலும் விட்டுவிட்டு வேடிக்கை பார்ப்பவர் என்று அதில் ஒருவர்கூட இல்லை. அழுகிறவர்களும் ஏந்துகிறார்கள், அல்லது ஏந்துவதற்காகக் கையை நீட்டுகிறார்கள்.

இதற்குக் காரணம் ஓவியத்தை வரையச் சொன்னவர்களின் கதையில் இருக்கிறது. 1611-இல் இதைக் கேட்டவர்கள் நகரின் துப்பாக்கி வீரர் சங்கத்தார். அவர்களின் தலைவர் நகரத் தந்தையும் ரூபென்ஸின் நண்பருமான நிக்கோலாஸ் ரோகாக்ஸ். 1566-இல், ஆலயங்களில் சிலைகளும் படங்களும் கூடாது என்ற புராட்டஸ்டன்ட் சிலை உடைப்பாளர்கள் இந்தப் பேராலயத்தைச் சூறையாடியிருந்தார்கள். வெறுமையான பீடங்களை மீண்டும் நிரப்பும் வேலை, ஸ்பெயினுக்கும் டச்சுக்காரர்களுக்கும் இடையே 1609-இல் ஏற்பட்ட பன்னிரண்டு ஆண்டுப் போர்நிறுத்தத்தில் சூடுபிடித்தது. துப்பாக்கி வீரர் சங்கத்தின் காவல் புனிதர் கிறிஸ்டோபர். குழந்தை இயேசுவைத் தோளில் ஏற்றி ஆற்றைக் கடக்கும்போது உலகத்தின் பாரமெல்லாம் தன்மேல் இறங்குவதாக உணர்ந்தவர் என்று அவர் கதை சொல்லும். கிறிஸ்டோபர் என்ற சொல்லுக்கே கிறிஸ்துவைச் சுமப்பவர் என்று பொருள். ஆனால் கத்தோலிக்கத் திருச்சபையின் திரெந்து பொதுச்சங்கத்துக்குப் பிந்திய அக்காலத்தில் பீடத்தின் நடுவிடம் நற்செய்திக் காட்சிக்கே உரியதாகக் கருதப்பட்டது. ரூபென்ஸ் கிறிஸ்டோபரைக் கதவுகளின் வெளிப்புறத்தில் நிறுத்திவிட்டு, உள்ளே அந்தப் பெயரின் பொருளையே மூன்று காட்சிகளாக வரைந்தார். இடக் கதவில், உறவினர் எலிசபெத்தைக் காண வரும் மரியாள் இயேசுவை வயிற்றில் சுமக்கிறார். அங்கே ஒரு பணிப்பெண்ணும் தலைச்சுமையோடு வருகிறார். வலக் கதவில் முதியவர் சிமியோன் குழந்தை இயேசுவைக் கைகளில் ஏந்தி மேலே பார்க்கிறார். பின்னால் ரோகாக்ஸின் முகம் தெரிகிறது. நடுவில், இறந்த உடலை எல்லாரும் சேர்ந்து சுமக்கிறார்கள். நடுப்பலகை 1612-இலும் கதவுகள் 1614-இலும் பேராலயத்துக்கு வந்தன.

அதே பேராலயத்தின் வடபுறத்தில் ரூபென்ஸின் 'சிலுவையை நிமிர்த்துதல்' இருக்கிறது. 1610-லும் 1611-லுமாக, இன்று இல்லாத புனித வல்புர்கா ஆலயத்துக்காக வரையப்பட்டது அது. அங்கே தசைகள் முறுக்கேறுகின்றன, கயிறு இழுபடுகிறது, ஒரு மூலையில் நாய் நிற்கிறது. மூன்று பலகைகளையும் ஒரே காட்சியின் கொந்தளிப்பு நிறைக்கிறது. எட்டு ஆண்டுகள் இத்தாலியில் தங்கி, பழைய ரோமானியச் சிற்பங்களையும் மைக்கேலாஞ்சலோவையும் பார்த்துப் பார்த்து வரைந்த கை அதில் தன் வலிமை முழுவதையும் காட்டுகிறது. பயணிகள் பெரும்பாலும் அதன் முன்தான் வியந்து நிற்கிறார்கள். எனக்கு மற்றதே பெரிது. 'இறக்குதல்' ஓவியத்தில் அதே கை தன் வலிமையை அடக்கிக்கொள்கிறது: ஒருவரும் கத்தவில்லை, நிறங்கள் பெரிய பரப்புகளாக அமைதி கொள்கின்றன, இத்தாலிய ஓவியர் கரவாஜ்ஜோவின் படைப்புகளில் கற்ற இருளும் ஒளியும் திடுக்கிடச் செய்யாமல் முகங்களை ஒவ்வொன்றாக எடுத்துக் காட்டுகின்றன. உயிர் போன தோளின் தளர்வையும், தலை பக்கவாட்டில் சரிவதையும், சாம்பலும் நீலமும் கலந்த தோலின் நிறத்தையும் தயங்காமல் வரைந்தவர், அந்த உடலை ஒரு கணமும் அவமதிப்பாக விழவிடவில்லை.

இந்த ஓவியமும் இறக்கப்பட்டிருக்கிறது. 1794-இல் பிரெஞ்சுப் படைகள் இதை மற்றப் படைப்புகளோடு பாரிஸுக்குக் கொண்டு சென்றன. நெப்போலியன் வீழ்ந்த பின் 1815-இல் இது திரும்பியது. இது துணியில் தீட்டிய ஓவியம் அன்று. ஓக் மரப் பலகைகளைப் பக்கம் பக்கமாக ஒட்டி, சுண்ணமும் பசையும் பூசி, அதன்மேல் எண்ணெய் வண்ணத்தில் தீட்டியது. சுருட்ட முடியாது, மடிக்க முடியாது. காற்றின் ஈரம் மாறினால் பலகை விரியும், சுருங்கும், வண்ணம் செதில் செதிலாகக் கழன்று போகலாம். குதிரை வண்டிக் காலத்தில் அதைக் கொண்டுபோய்க் கொண்டுவந்து சேர்த்த கைகளை நினைக்கும்போதெல்லாம், அவர்களும் எங்கள் ஆட்களே என்று தோன்றும்.

சென்ற ஆண்டு யாழ்ப்பாணத்திலிருந்து வந்த தம்பி ஒருவர் எங்கள் குழுவில் சேர்ந்தார். முதல் வாரத்திலேயே அவரை இந்த ஓவியத்தின் முன் கொண்டுபோய் நிறுத்தி, ஒன்றும் சொல்லாமல் இருந்தேன். கால் மணி நேரம் பார்த்துவிட்டு, "அண்ணை, அந்த ஆள் துணியை ஏன் பல்லால கடிச்சுக்கொண்டு நிக்கிறார் தெரியுமோ?" என்று கேட்டார். கை போதாததால் என்றேன். "அதுமட்டும் இல்லை அண்ணை. கீழ நிக்கிறவர் இன்னும் முழுப் பாரத்தையும் வாங்கேல்லை. அது தெரிஞ்சபடியால்தான் அவர் விடாமல் இருக்கிறார்" என்றார்.

நான் மீண்டும் யோவானின் காலைப் பார்த்தேன். ஏணிப்படியில் ஊன்றிய அந்தக் காலின்மேல் பாரம் இன்னும் முழுதாக வந்து இறங்கியிருக்கவில்லை. மறுநாள் காலை வேலையில் அந்தத் தம்பியை மேல் ஏணியில் நிறுத்தினேன்.