வக்கரையின் கல்மரங்கள்

பத்து வயதில் நான் ஒரு நாட்டைக் கற்பனையில் உருவாக்கி வைத்திருந்தேன். பழைய கணக்கு நோட்டின் கடைசிப் பக்கங்களில் அதன் வரைபடம் இருந்தது. மலைகள் உண்டு, கோட்டை உண்டு, நடுவே ஒரு காடு. அந்தக் காடுதான் அந்நாட்டின் பெரிய அதிசயம். அங்கே விழுந்து கிடக்கும் அடிமரங்கள் எல்லாம் ஓர் அசுரனின் எலும்புகள். அவற்றுக்குக் காவல் ஒரு காளி. முழுவதும் நானே புனைந்தது என்றுதான் நெடுங்காலம் நம்பியிருந்தேன். பாட்டி எப்போதோ சொல்லி, நான் தூக்கத்தில் பாதி கேட்ட திருவக்கரைக் கதையின் மிச்சம் அது என்பது, ஒரு பௌர்ணமியன்று அந்த ஊரில் போய் நின்றபோதுதான் விளங்கியது.

திண்டிவனத்திலிருந்து மயிலம் வழியாகப் பஸ்ஸில் போனேன். கோயில் நடை திறக்க நேரம் இருந்ததால் முதலில் கல்மரப் பூங்காவுக்கு நடந்தேன். ஊருக்குக் கிழக்கே ஒரு கிலோமீட்டர் தூரம்தான். இந்தியப் புவியியல் ஆய்வுத் துறையின் பராமரிப்பில் இருக்கிறது. வெயில் ஏறாத காலைப்பொழுது. செம்மண் மேட்டில் அவை கிடந்தன.

அந்த முதல் பார்வையில் எலும்புகள் என்றே மனம் சொன்னது. ஒன்று தொடை எலும்பு போல மண்ணில் பாதி புதைந்திருந்தது. இன்னொன்று முறிந்து மூன்று துண்டாகக் கிடந்தது. வக்ராசுரனைத் திருமால் சக்கரத்தால் வதம் செய்தார், அவனுடைய எலும்புகளே இப்படிக் கல்லாகிக் கிடக்கின்றன என்று இப்பகுதியில் சொல்கிறார்கள். குனிந்து பார்த்தால்தான் மரம் தெரிகிறது. வயது வளையங்கள் அப்படியே இருக்கின்றன, கணுக்கள் இருக்கின்றன. விரலால் தடவினால் நார் நாராக ஓடுவது போலத் தோன்றும். ஆனால் விரலுக்குக் கிடைப்பது கல்லின் குளிர்ச்சி.

ஏறத்தாழ 2 கோடி ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்த மரங்கள் இவை என்கிறார்கள் புவியியலாளர்கள். சில 15 மீட்டர் வரை நீளம். ஒன்றில்கூடக் கிளை இல்லை, இலை இல்லை, வேரும் இல்லை. இங்கேயே முளைத்து வளர்ந்திருந்தால் வேராவது மிஞ்சியிருக்கும். எங்கோ வளர்ந்தவற்றைப் பெருவெள்ளம் உருட்டிக்கொண்டு வந்து இங்கே மணலில் புதைத்திருக்கிறது. காற்றுப் படாத ஆழத்தில் மரம் மக்கவில்லை. மணலில் ஊறி வந்த நீர் தன்னில் கரைந்திருந்த சிலிக்காவை மரத்தின் நுண்ணறைகளுக்குள் கொண்டு சேர்த்தது. அறை அறையாக மரத்தின் இடத்தைக் கல் எடுத்துக்கொண்டது. வடிவம் மட்டும் மாறவில்லை. பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியில் பிரெஞ்சு இயற்கையியலாளர் பியேர் சோனரா இவற்றைப் பற்றிப் பதிவு செய்திருக்கிறார். அவருக்கு எத்தனையோ தலைமுறை முன்பே ஊரார் இவற்றுக்கு ஒரு கதையும் காவல் தெய்வமும் தந்துவிட்டார்கள். எனக்கு இரண்டுமே வேண்டும். மரம் என்று அறிந்த பிறகும் கையைக் கூப்பாமல் அங்கிருந்து நகர முடியவில்லை.

காலடியில் நகமளவு கல்மரச் சில் ஒன்று கிடந்தது. எடுத்துவிட்டேன். இங்கிருந்து எதையும் எடுத்துச் செல்லக் கூடாது. கிடந்த பள்ளத்திலேயே, கிடந்த வாக்கிலேயே திரும்ப வைத்தேன்.

மாலையில் கோயில். ஞானசம்பந்தர் பாடிய தலம், வராக நதிக் கரையில். மூலவர் சந்திரமௌலீஸ்வரர், மும்முக லிங்கம்: கிழக்கே தத்புருஷம், வடக்கே வாமதேவம், தெற்கே அகோரம். இங்கே ராஜகோபுரமும் கொடிமரமும் நந்தியும் மூலவரும் ஒரே நேர்கோட்டில் இல்லை. அடுத்து எது எந்தப் பக்கம் என்று தேடிக்கொண்டேதான் உள்ளே போகிறோம். திருமாலும் வரதராஜப் பெருமாளாக இதே கோயிலில், வீசத் தயாரான சக்கரத்தோடு நிற்கிறார்.

ஆனால் என்னை நிறுத்தி வைத்தவள் வக்ரகாளி. எட்டுக் கரங்கள், சுடர்விடும் மகுடம், காதில் ஒரு குழந்தை குண்டலமாக. அசுரனின் தங்கை துன்முகியை வதம் செய்யக் காளி வந்தபோது துன்முகி கருவுற்றிருந்தாள். அந்தச் சிசுவை எடுத்துத் தன் காதில் அணிந்துகொண்ட பிறகே காளி அவளை அழித்தாளாம். பகைவன் குலத்துக் குழந்தைக்குத் தன் உடம்பிலேயே இடம் கொடுத்தவளை உக்கிரம் என்ற ஒரு சொல்லோடு எப்படி நிறுத்துவது? பாட்டி இந்தப் பகுதியைச் சொல்லியிருந்தால் நான் மறந்திருக்க மாட்டேன். நெடுநேரம் அந்தக் காதையே பார்த்துக்கொண்டு நின்றேன்.

இவளை வலமாக ஐந்து முறையும் இடமாக நான்கு முறையும் சுற்ற வேண்டும் என்பது இங்குள்ள வழக்கம். சுற்றும்போது காலையில் பார்த்த வளையங்கள் நினைவில் ஓடின. மரமும் ஆண்டுக்கு ஒரு சுற்றாகத்தானே தன் நடுவை வலம் வந்திருக்கிறது.

நள்ளிரவில் ஜோதி தரிசனம். தீபம் தெரிந்த கணத்தில் கூட்டம் மொத்தமும் ஒரே குரலாக எழுந்தது. அருகில் நின்றிருந்த வயதான அம்மா என் முழங்கையைப் பிடித்துக்கொண்டு, "தெரிகிறதா தம்பி? நன்றாகக் கும்பிட்டுக்கொள்" என்றார். தெரிந்தது. அதற்குமேல் எழுதச் சொல் இல்லை.

அந்தக் கணக்கு நோட்டு இன்னும் அலமாரியில் இருக்கிறது. வீடு திரும்பிய மறுநாள் எடுத்துப் பார்த்தேன். மலை இருக்கிறது, கோட்டை இருக்கிறது, காடு இருக்கிறது. ஆறு இல்லை. பென்சிலை எடுத்துக் காட்டை ஒட்டி ஓர் ஆற்றை வரைந்தேன். கரையில் ஒரு கோபுரம், உள்ளே நந்தி, அதற்கும் உள்ளே லிங்கம். மூன்றையும் ஒரே நேர்கோட்டில் வைக்கவில்லை.