வாட்டர்லூவில் சுரண்டப்பட்ட முகடு

நெப்போலியன் தோற்ற வாட்டர்லூ போர்க்களத்துக்கு, பிரஸ்ஸல்ஸிலிருந்து பிரேன்-லல்லு வரை ரயில், பிறகு பஸ். வந்தவர்கள் எல்லோரும் நேரே சிங்கச் சிலைக் குன்றின் 226 படிகளுக்குத்தான் போகிறார்கள். நானும் மூச்சிரைக்க ஏறினேன். மேலிருந்து எல்லாம் தட்டையாகத் தெரிகிறது. பீரங்கிப் போர் எப்படி நடந்தது என்று விளங்க வேண்டுமானால் கீழே இறங்கி வயலோரமாக நடக்க வேண்டும்.

நெப்போலியன் பீரங்கிப் படையில் பயின்றவர். பிரெஞ்சுப் பீரங்கிப்படைத் தளபதி கிரிபோவால் 1765இல் தொடங்கிய சீர்திருத்தத்தால் பிரெஞ்சுப் பீரங்கிகள் எடை குறைந்து, களத்தில் விரைவாக நகர்ந்தன. அவற்றை ஓரிடத்தில் குவித்து எதிரியின் அணியை உடைப்பது நெப்போலியனின் பாணி. 1809இல் ஆஸ்திரியாவின் வாக்ராம் போரில் நூற்றுக்கும் மேல். இங்கே, 1815 ஜூன் 18 அன்று, சுமார் 80.

அன்றைய குண்டு பெரும்பாலும் வெடிக்காத இரும்பு உருண்டை. 12 பவுண்டர், அதாவது 12 பவுண்டு எடையுள்ள குண்டைச் சுடும் பீரங்கியின் குண்டு ஏறக்குறைய 6 கிலோ. தரையில் பட்டு எகிறி எகிறிப் போனால்தான் வரிசையாக ஆட்களைச் சாய்க்கும். பாரிஸ் ராணுவ அருங்காட்சியகத்தில் இந்தப் போரில் இறந்த ஃபோவோ என்ற குதிரைவீரரின் கவசம் இருக்கிறது. நெஞ்சுத் தகட்டின் வலப்புறம் வட்டமான ஓட்டை. முதுகுத் தகடோ வெளிப்பக்கமாகப் பிய்ந்து கிடக்கிறது.

ஆனால் முந்தைய இரவெல்லாம் மழை. பீரங்கிகளை இழுக்க முடியாமல் தாக்குதல் தள்ளிப்போனது; எகிற வேண்டிய குண்டுகள் பல சேற்றில் புதைந்தன. எதிர்ப்பக்கம் பிரிட்டிஷ் தளபதி வெலிங்டனோ படையில் பெரும்பகுதியை முகட்டுக்குப் பின்சரிவில் மறைத்துவிட்டார். பிற்பகலில் பிரெஞ்சுத் தளபதி நேயின் குதிரைப்படை மேலேறி ஆங்கிலேயப் பீரங்கிகளைப் பிடித்தும் பயனில்லை. திரியிடும் துளையில் ஓர் ஆணி அடித்திருந்தால் போதும், அவற்றை மறுபடி சுட முடிந்திருக்காது. அதைச் செய்ய ஆளில்லை. குதிரைகள் திரும்பியதும் பீரங்கியாளர்கள் ஓடிவந்து மறுபடி சுட்டார்கள்.

அந்த முகட்டின் மண்ணை வெட்டித்தான் 1820களில் சிங்கக் குன்றை எழுப்பினார்கள். போரைத் தீர்மானித்த மேட்டையே சுரண்டி அதற்கு நினைவுச்சின்னம்! எனக்கு எரிச்சல்தான் வந்தது. பழைய தரைமட்டம் தெரிய வேண்டுமென்றால் இந்தப் போரில் இறந்த வெலிங்டனின் உதவி அதிகாரி கார்டனுக்குச் சாலையோரத்தில் எழுப்பிய நினைவுத்தூணின் படிகளில் ஏறிப் பாருங்கள்.

நூறாண்டு கழித்து, முதல் உலகப் போரில், வெலிங்டன் காலாட்படையை மறைத்ததைப் போன்ற பின்சரிவுகளில் பீரங்கிகளே ஒளிந்துகொண்டன. இலக்கைப் பார்ப்பவர் முன்னால், சுடுபவர் பின்னால், இடையே தொலைபேசிக் கம்பி. அதைப் பார்க்க ஈப்பருக்குப் போக வேண்டும். அதுவும் பெல்ஜியம்தான், ரயிலிலேயே போய்விடலாம்.