கோனின் சரிவு

திருப்பூரில் ஒருவர் "கோன் வந்துருச்சா?" என்று கேட்டால் நூலைப் பற்றிக் கேட்கிறார். கட்டட வேலை நடக்கும் இடத்தில் அதே சொல், கான்கிரீட்டின் பதம் பார்க்கும் இரும்பு அச்சைக் குறிக்கும். கல்யாண வீட்டில் கேட்டால் மருதாணி. கூம்பு என்ற அழகான தமிழ்ச் சொல் பாடப்புத்தகத்தோடு நின்றுவிட்டது. மாலையில் தாமரை குவிவதும் கூம்புதல்தான். சங்கப் பாடல்களில் கப்பலின் பாய்மரத்துக்கும் கூம்பு என்றே பெயர்.

பெயர் எதுவானாலும், ஒரு கோனைக் கையில் எடுத்தால் முதலில் பார்க்க வேண்டியது அதன் சரிவை. வேலையைச் செய்வது அதுதான்.

நூலில் தொடங்கலாம். துணி பின்னும் நிட்டிங் மெஷினில் கோன் சுழலாது. அது ஸ்டாண்டில் அப்படியே நிற்க, நூல் நுனி வழியாக மேலே கழன்று போகும். உருளையான கட்டையில் சுற்றியிருந்தால், அடியிலிருந்து கழலும் நூல் மேலே உள்ள சுற்றுகளை உரசிக்கொண்டே வரும். கோனில் பரப்பு உள்ளே சரிந்து விலகிப் போவதால் அந்த உரசல் குறைகிறது. காகிதக் கோன்களில் 4°20′, 5°57′, 9°15′ என்று சரிவு அளவுகள் உண்டு. நூலைக் கோனில் சுற்றும் வைண்டிங் மெஷினின் பிடிப்பானுக்குப் பொருந்தாத அளவைப் போட்டால் கோன் ஆடும், சுற்று ஒரு பக்கம் தளர்ந்து நிற்கும். பிறகு நிட்டிங்கில் நூல் கொத்தாகச் சரிந்து அறுந்துபோகும்.

பரவலாகப் புழங்கும் ஒரு கட்டில் ஒரு கோன் 1.89 கிலோ, 24 கோன் சேர்ந்தால் 45.36 கிலோ, அதாவது பழைய 100 பவுண்டு. முப்பதாம் நம்பர் நூல் என்றால் ஒரு பவுண்டில் 30 சிட்டம், சிட்டத்துக்கு 840 கெஜம். அந்தக் கணக்கில் ஒரே கோனில் ஏறக்குறைய 96 கிலோமீட்டர் நூல் இருக்கிறது. இவ்வளவு நீளம் ஊசிகளின் மேல் ஓடுவதால்தான் ஹோசியரி நூலுக்கு வைண்டிங்கிலேயே மெழுகு கொடுக்கிறார்கள். மெழுகுக் கட்டை தீர்ந்ததைக் கவனிக்காமல் விட்ட கோன் மெஷினில் அடிக்கடி அறும், துணியில் ஓட்டை விழும்.

இன்னும் பெரிய நஷ்டம் லாட் கலப்பில், அதாவது வெவ்வேறு தொகுதியில் நூற்ற கோன்கள் கலந்துபோவதில், வரும். 30 அங்குல விட்டமுள்ள சிங்கிள் ஜெர்சி மெஷினில் விட்டத்தின் அங்குலத்துக்கு 3 ஃபீடர் (நூல் ஊட்டும் இடம்) என்றால் 90 கோன் ஒரே நேரத்தில் ஓடுகிறது. அதில் ஒன்று வேறு பஞ்சில் நூற்றதாக இருந்தால் சாயம் போடாத கிரே துணியில் கண்ணுக்குத் தெரியாது. சாயம் போட்ட பிறகுதான் 90 வரிசைக்கு ஒருமுறை ஒரு கோடு வெளிப்படும். கோன்களை மெஷினில் ஏற்றும் முன்பே புற ஊதா விளக்கின் கீழ் அடுக்கிப் பாருங்கள். வேறு பஞ்சு பெரும்பாலும் வேறு நிறத்தில் மினுங்கும். கோனின் நுனியில் அடையாளத்துக்கு இருக்கும் நிறத்தை மட்டும் நம்பி ஏற்றுவது போதாது.

கான்கிரீட்டின் பதம் பார்க்கும் ஸ்லம்ப் கோனிலும் சரிவு இருப்பது இதே மாதிரியான காரணத்துக்குத்தான். மேல் விட்டம் 100, கீழ் விட்டம் 200, உயரம் 300 மில்லிமீட்டர். கொள்ளளவு ஐந்தரை லிட்டர். தூக்கத் தொடங்கியதுமே அச்சு கான்கிரீட்டை விட்டு விலகிவிடும். நேர்க் குழாயாக இருந்தால் கான்கிரீட்டையும் சேர்த்து இழுத்துக்கொண்டு மேலே வரும்.

அச்சின் உட்புறத்தை ஈரத் துணியால் துடைத்து, நீர் உறிஞ்சாத சமமான தகட்டின் மேல் வைக்க வேண்டும். மூன்று அடுக்காக நிரப்பி, 16 மில்லிமீட்டர் கம்பியின் உருண்டை முனையால் அடுக்குக்கு 25 குத்து. (1959-இன் இந்தியத் தர விதியான ஐ.எஸ். 1199 நான்கு அடுக்கு என்றது. அதைப் பின்பற்றுகிறவர்கள் இன்னும் உண்டு.) மேலே மட்டமாக வழித்துவிட்டு, திருகாமல், சாய்க்காமல், நேராக, நிதானமாகத் தூக்க வேண்டும். அச்சின் உயரத்திலிருந்து கான்கிரீட் எவ்வளவு இறங்கியதோ அதுதான் ஸ்லம்ப். பம்ப் போடும் கான்கிரீட்டுக்கு ஐ.எஸ். 456 சொல்வது 75 முதல் 100 மில்லிமீட்டர்.

ஒரு பக்கம் மட்டும் வழுக்கிச் சரிந்தால் அந்த அளவைக் குறிக்காதீர்கள், மறுபடி செய்யுங்கள். இரண்டாம் முறையும் அப்படியே சரிந்தால் தவறு கையில் இல்லை, கலவையில் பிடிப்பு இல்லை. ஸ்லம்ப் குறைவாக இருக்கிறதென்று லாரியிலேயே தண்ணீரைத் திறந்துவிடுவதைப் பார்க்கும்போது வயிறு எரிகிறது. அளவு அப்போதைக்குச் சரியாகத் தெரியும். தூணின் வலிமை போய்விடும். கான்கிரீட் ஆலையிலிருந்து வருபவரிடம் கேட்டு, கலவையை இளக்கும் அட்மிக்சர் என்ற ரசாயனத்தைச் சேர்ப்பதுதான் முறை.

கொட்டிக் கிடக்கும் மணலும் கூம்புதான். அடியைச் சுற்றி டேப் பிடித்து, சுற்றளவைச் சுற்றளவாலேயே பெருக்கி, உயரத்தாலும் பெருக்கி, 37.7-ஆல் வகுத்தால் கன அளவு கிடைக்கும். சுற்றளவு 20 அடி, உயரம் 2 அடி என்றால் சுமார் 21 கன அடி. ஒரு யூனிட் என்பது 100 கன அடி.

மருதாணிக் கோனுக்குத் தாள் வெட்டவும் கணக்கு உண்டு: வாய் ஆரத்தைச் சரிவு நீளத்தால் வகுத்து 360-ஆல் பெருக்குங்கள். வாய் ஆரம் 3 சென்டிமீட்டர், சரிவு நீளம் 18 சென்டிமீட்டர் என்றால் 60 டிகிரி. ஒட்டுவதற்கு விளிம்பில் ஒரு சென்டிமீட்டர் கூடுதலாக விடுங்கள். பொடியை மெல்லிய துணியில் சலிக்காவிட்டால் நுனி அடைக்கும். பிதுக்கப் பிதுக்க ஒட்டு பிரியும். கடையில் வாங்குவதானால், போட்டவுடனே கறுப்பாகப் பிடிக்கும் கோனைக் குழந்தைகள் கையில் போடவே போடாதீர்கள். மருதாணி இலை தருவது செம்பழுப்புதான். அந்தக் கறுப்பு பெரும்பாலும் தலைமுடிச் சாயத்தில் சேரும் பிபிடி என்ற ரசாயனம். தோலில் கொப்புளம் கிளப்பும்.