அபூ சலீம் சிறையும் கடாஃபியின் வீழ்ச்சியும்

1969 செப்டம்பர் 1 அன்று, மன்னர் இத்ரிஸ் சிகிச்சைக்காகத் துருக்கியில் இருந்த வேளையில், பெரிய எதிர்ப்பு ஏதுமின்றி லிபியாவின் ஆட்சியைக் கைப்பற்றிய இளம் ராணுவ அதிகாரிகளின் தலைவர் முஅம்மர் கடாஃபிக்கு அப்போது வயது 27. அடுத்த ஆண்டே பிரிட்டனும் அமெரிக்காவும் தங்கள் ராணுவத் தளங்களைக் காலிசெய்தன. எண்ணெய் நிறுவனங்கள் கூடுதல் விலைக்கு இணங்கின. அந்தப் பணத்தில் பள்ளிகளும் மருத்துவமனைகளும் வீடுகளும் எழுந்தன. அந்த வளர்ச்சியை மறுப்பது நேர்மையாகாது என்றே கருதுகிறேன்.

ஆனால் அதே அரசுதான் கட்சிகளைத் தடைசெய்தது, மாற்றுக்கருத்து கொண்டவர்களைத் தூக்கிலிட்டது, வெளிநாடுகளில் தஞ்சம் புகுந்தவர்களையும் தேடிக் கொன்றது. 1996 ஜூனில் தலைநகர் திரிப்போலியின் அபூ சலீம் சிறையில் ஏறத்தாழ 1,200 கைதிகள் சுட்டுக் கொல்லப்பட்டதாக மனித உரிமை அமைப்புகள் மதிப்பிடுகின்றன. இச்செய்தி குடும்பங்களுக்குப் பல ஆண்டுகள் தெரிவிக்கப்படவே இல்லை. இறந்துபோன மகனுக்காக உணவும் உடையும் கொண்டுவந்தவர்களிடமிருந்து காவலர்கள் அவற்றை வாங்கிவைத்துக்கொண்டார்கள். இதை எத்தனை முறை படித்தாலும் மனம் பதறுகிறது.

அக்குடும்பங்களின் வழக்கறிஞர் ஃபதி தெர்பில் 2011 பிப்ரவரி 15 அன்று பெங்காசியில் கைதுசெய்யப்பட்டபோது முதலில் தெருவில் இறங்கியவர்கள் அந்த உறவினர்களே. சில நாட்களில் அந்நகரம் அரசின் பிடியிலிருந்து விலகியது. மார்ச்சில் கடாஃபியின் படைகள்மீது மேற்கத்திய நாடுகளின் வான்தாக்குதல் தொடங்கியது, ஆகஸ்டில் திரிப்போலி கிளர்ச்சியாளர்களிடம் வீழ்ந்தது, அக்டோபர் 20 அன்று சிர்த் நகரில் பிடிபட்ட கடாஃபி அன்றே கொல்லப்பட்டார். அவரை நீதிமன்றத்தில் நிறுத்தியிருக்க வேண்டும். அபூ சலீம் குடும்பங்கள் கேட்க நினைத்த கேள்விகளுக்கு அவர் வாயால் பதில் பெறும் வாய்ப்பு அன்றோடு போய்விட்டது.