பேரு வராத லிஸ்ட்டும் 19ம் நம்பர் ஜெர்சியும்

எங்க வீட்டு மொட்டமாடி கொடில வாரத்துக்கு ஒருவாட்டி ஊதா கலர் ஜெர்சி ஒண்ணு காயும், முதுகுல 19னு பெருசா இருக்கும். வியாசர்பாடில ஜெர்சினா மெஸ்ஸி, ரொனால்டோ, நெய்மர், இல்லனா நம்ம ஏரியா டீமு ஜெர்சி, அதனால கீழ போற பசங்க நின்னு அண்ணாந்து பாத்து கேப்பாங்க, இது யாருதுணா, எந்த கிளப்புணானு. ஆடம் தீலன்னு சொன்னா யாருக்கும் தெரியாது. அவரு ஆடுனது நம்ம ஃபுட்பாலே கிடையாது, அமெரிக்காகாரங்க கைல புடிச்சிட்டு ஓடுற ஃபுட்பாலு. ரொம்ப நாளா இவர பத்தி எழுதணும்னு இருந்தேன், போன வாரம் கிரவுண்டுல நடந்த ஒரு விஷயத்துக்கு அப்பால இன்னும் தள்ளிப்போட மனசு வரல.

மொதல்ல என் கத கொஞ்சம் சொல்லிடுறேன், அது தெரியாம இது புரியாது. 17 வயசுல ஒரு செலக்ஷன் ட்ரையல்ஸ்க்கு போனேன். அம்மா விடிகாலை நாலு மணிக்கே எழுந்து கூழு கரச்சு குடுத்தாங்க, ஜீவா ஸ்டேஷன்ல மொத ட்ரெயினு புடிச்சு போனோம் நானும் ஃப்ரெண்டும். ரெண்டு நாளு வெயில்ல உக்கார வெச்சு மொத்தமா 20 நிமிஷம் ஆட வுட்டிருப்பாங்க. மூணாவது நாள் சாயங்காலம் செவுத்துல ஒரு பேப்பர் ஒட்டுனாங்க. மேல இருந்து கீழ படிச்சேன், என் பேரு இல்ல, சரி கண்ணு தப்பிருக்கும்னு கீழ இருந்து மேல படிச்சேன். என்ன சார் கொறைனு கேட்டதுக்கு அடுத்த வருஷம் வா பாக்கலாம்னு சொன்னாங்க, அவ்ளோதான். அடுத்த வருஷம் அப்பாவுக்கு ஒடம்பு முடியாம போச்சு, நான் ஹார்பர் பக்கம் கண்டெய்னர் யார்டுல வேலைக்கு சேந்துட்டேன். அந்த பேப்பரு இன்னிக்கும் என் கண்ணு முன்னாடி இருக்கு, எந்த மூலைல பசை ஒட்டாம மடங்கி இருந்துச்சுனு கூட சொல்வேன்.

2018ல எங்க அக்கா வீட்டுக்காரரு கம்பெனி வேலையா அமெரிக்கால மின்னசோட்டா மாநிலத்துக்கு போனாரு. ஒருநாள் வீடியோ கால்ல, மச்சான், இங்க ஒருத்தன் இருக்கான், உன்ன மாதிரியே லிஸ்ட்ல பேரு வராதவன், இன்னிக்கு ஊரே அவன் பேர சொல்லி கத்துது, நீ அவன பாரேன்னாரு. அப்டிதான் ஆரம்பிச்சுது.

அங்க அந்த லிஸ்ட்டுக்கு பேரு ட்ராஃப்ட்டு. மொத்தம் 32 டீமு, 7 ரவுண்டு, மூணு நாளு டிவில லைவ்வா ஓடும், காலேஜ்ல ஆடுன பசங்கள ஒவ்வொரு டீமும் வரிசையா பேரு சொல்லி எடுக்கும். 2013ல 254 பேர எடுத்தாங்க. தீலன் பேரு அதுல இல்ல. அது முடிஞ்சதும் இன்னொரு வேலை நடக்கும், எடுக்காம வுட்ட பசங்களுக்கு டீமுங்க போன் போட்டு நேரா காண்ட்ராக்ட் குடுப்பாங்க. அதுலயும் அவருக்கு காண்ட்ராக்ட் இல்ல. வந்து ரெண்டு மூணு நாள் ட்ரை குடுத்துட்டு போனு ஒரு அழைப்பு, அது மட்டும்தான்.

அதுக்கு முன்னாடியும் அப்டிதான். டெட்ராய்ட் லேக்ஸ்னு மின்னசோட்டாலயே ஒரு சின்ன ஊரு, அங்க பொறந்த பையன். பெரிய காலேஜ் ஒண்ணும் கூப்புடல. மன்கேட்டோனு ஒரு ஊர்ல இருக்கற ரெண்டாவது டிவிஷன் காலேஜ் கூப்ட்டுச்சு, ஸ்காலர்ஷிப்பு 500 டாலர். அமெரிக்கால காலேஜ் ஃபீஸ் எவ்ளோனு தெரிஞ்சவங்களுக்கு 500 டாலர்னா என்னானு புரியும். நாலஞ்சு வருஷம் அங்க ஆடி முடிச்சுட்டு, யாரும் கூப்புடாததால தானே பணம் கட்டி சிகாகோல நடந்த ரீஜனல் டெஸ்ட்டுக்கு போனாரு, ஓடி காட்டுனாரு, அங்கருந்து டல்லாஸ்ல அடுத்த டெஸ்ட்டு. பல் டாக்டருங்களுக்கு மெஷின் விக்குற சேல்ஸ் வேலைக்கு கூட அப்போ பாத்துட்டு இருந்தாருன்னு சொல்வாங்க. அந்த நேரத்துல வந்ததுதான் மின்னசோட்டா டீமான வைக்கிங்ஸோட ட்ரையல் அழைப்பு, அதுவும் சின்ன வயசுலருந்து அவரு ரசிகனா இருந்த அதே டீமு.

இதுல எனக்கு ரொம்ப புடிச்சது எதுன்னா, அந்த டீமு அப்போல்லாம் சம்மர் கேம்ப் போடுறது அதே மன்கேட்டோ காலேஜ்லதான். அதாவது ட்ரையல்ல கையெழுத்து வாங்கிட்டு மொத கேம்ப்புக்கு போறாரு, போனா அது தான் படிச்ச காலேஜ் கிரவுண்டு. அந்த பில்ல எவ்ளோ மிதிச்சிருப்பாரு. நம்ம முல்லை நகர் கிரவுண்டுல திடீர்னு இந்தியா டீமு கேம்ப் போட்டு அதுல நம்மள ஒருத்தனா நிக்க வெச்சா எப்டி இருக்கும்னு யோசிச்சு பாருங்க.

ஆனா கேம்ப்புல 90 பேரு, சீசன் ஆரம்பிக்கும்போது 53 பேருதான். அதே வருஷம் அந்த டீமு மொத ரவுண்டுலயே கார்டரெல் பேட்டர்சன்னு ஒருத்தர எடுத்துருந்துச்சு, அவரும் ரிசீவரு, 29வது ஆளா எடுத்தது. ரிசீவர்னா பந்த எறியிறவரு எறிய, தூரமா ஓடிப்போயி புடிக்குறவரு. தீலன கழட்டி வுட்டுட்டாங்க. கழட்டி வுட்டுட்டு ப்ராக்டிஸ் ஸ்குவாட்னு ஒண்ணுல போட்டாங்க. அப்போ ஒரு டீமுக்கு 8 பேருதான் அதுல.

இந்த ப்ராக்டிஸ் ஸ்குவாட்ட பத்தி நான் கொஞ்சம் நெறைய சொல்லுவேன், பொறுத்துக்கோங்க. அப்போல்லாம் அதுல இருக்கறவன் மேட்ச் ஆட முடியாது. சம்பளம் உண்டு, ஆனா கொறச்சல். வாரம் பூரா டீமோட ப்ராக்டிஸ் பண்ணனும், அதுவும் தானா இல்ல, எதிராளியா. இந்த ஞாயித்துக்கிழம எந்த டீமோட மேட்ச்சோ அந்த டீமு ரிசீவரு எப்டி ஓடுவாரு, எங்க திரும்புவாரு, எந்த கால வெச்சு ஏமாத்துவாரு, அதெல்லாம் பாத்து அதே மாதிரி ஓடி காட்டணும், அப்போதான் நம்ம டிஃபென்ஸ்காரங்க ரெடி ஆவாங்க. அடுத்த வாரம் வேற ஆளு. ஒரு வருஷம் முழுக்க இப்டி ஊர்ல இருக்கற நல்ல நல்ல ரிசீவரு மாதிரில்லாம் ஓடுனவன் கால்ல என்னென்ன தங்கும். பின்னாடி தீலன் ஓடுறத பாத்தீங்கன்னா பெரிய வேகம்லாம் தெரியாது, ஆனா எதிர்ல நிக்கறவன் இடுப்பு எந்த பக்கம் சாயுதுனு பாத்து அதுக்கு எதுத்தாப்புல திரும்புவாரு. அது அந்த ஒரு வருஷத்துல வந்ததுனு நான் நம்புறேன்.

2014ல மெயின் டீமுக்கு வந்தாரு, ஆனா பந்து புடிக்க இல்ல. ஸ்பெஷல் டீம்ஸ்னு சொல்வாங்க, கிக் அடிக்கும்போது மட்டும் எறங்குற கூட்டம், தலை தெறிக்க ஓடி போய் ஆள தடுக்கணும், யாருக்கும் பேரு தெரியாது. 2014, 2015 ரெண்டு வருஷத்துலயும் சேத்து அவரு புடிச்ச கேட்ச் 20தான். ஆனா 2014 நவம்பர்ல கரோலினா பேந்தர்ஸ் கூட ஆடுன மேட்ச்ல எதிராளி தூரமா ஒதைச்ச பந்த, அதுக்கு பன்ட்டுனு பேரு, பாஞ்சு தடுத்து, அதே பந்த எடுத்துட்டு 30 யார்டு ஓடி டச்டவுன், நம்ம ஆட்டத்துல கோல் மாதிரி. அவரோட மொத டச்டவுன் அது. ரிசீவருக்கு மொத டச்டவுன் கேட்ச்ல வரல, வேற ஒருத்தன் ஒதைச்ச பந்துல வந்துச்சு. அந்த வீடியோவ எங்க பசங்களுக்கு நான் எத்தன தடவ போட்டு காட்டிருப்பேன்னு கணக்கே இல்ல.

2016ல அந்த டீமு திரும்பவும் மொத ரவுண்டுல ஒரு ரிசீவர எடுத்துச்சு, லக்வான் ட்ரெட்வெல்லு, 23வது ஆளு. அந்த சீசன் பூரா அவருக்கு ஒரே ஒரு கேட்ச், 15 யார்டு, அதாவது பந்த புடிச்சு முன்னேறுன தூரம். தீலனுக்கு 967 யார்டு. ட்ரெட்வெல்ல மட்டம் தட்ட சொல்லல, பாவம் அந்த பையனுக்கும் கஷ்டம் இருந்துருக்கும். ஆனா லிஸ்ட் போடுற கண்ணு எவ்ளோ தப்பா பாக்கும்ங்கறதுக்கு இத வுட சாட்சி வேணுமா. 2017ல 1,276 யார்டு, மொத ப்ரோ பௌலு, அதாவது ஆல் ஸ்டார் மேட்ச்சு.

அப்பறம் 2018. சீசன் ஆரம்பிச்சதுலருந்து ஒவ்வொரு மேட்ச்லயும் 100 யார்டுக்கு மேல. ரிசீவருக்கு ஒரு மேட்ச்ல 100 யார்டுங்கறது பேட்ஸ்மேனுக்கு செஞ்சுரி மாதிரி வெச்சுக்கோங்க. ஏழு மேட்ச் வரைக்கும் அப்டி ஆரம்பிச்ச ஆளு அதுக்கு முன்னாடி 1961ல ஹூஸ்டன் ஆயிலர்ஸ்ல இருந்த சார்லி ஹென்னிகன். அவரு யாருன்னு தேடி படிச்சேன், அவரையும் யாரும் ட்ராஃப்ட் பண்ணல, ஸ்கூல் வாத்தியாரா இருந்தவரு, வாத்தியார் சம்பள சீட்டு ஒண்ண ஹெல்மெட்டுக்குள்ள வெச்சுக்கிட்டே ஆடுவாராம், இங்க தோத்தா எங்க திரும்ப போகணும்னு மறக்காம இருக்க. 57 வருஷம் கழிச்சு அந்த கணக்க தாண்டுனவரும் லிஸ்ட்ல இல்லாதவரு.

எட்டாவது மேட்ச் நியூ ஆர்லியன்ஸ் செயின்ட்ஸ் கூட. அங்க ஞாயித்துக்கிழம ராத்திரி, நமக்கு அக்டோபர் 29 திங்கக்கிழம காலைல 5.50. நைட் ஷிஃப்ட் முடிச்சு வந்து குளிக்காம கூட போன எடுத்து செவுத்துல சாய்ச்சு வெச்சு உக்காந்துட்டேன். அம்மா டீ போட்டு குடுத்துட்டு இன்னாடா இது ஒருத்தன் மேல ஒருத்தன் வுழுறானுங்கனு கேட்டுட்டு பக்கத்துலயே உக்காந்தாங்க. 103 யார்டு அன்னிக்கு. தொடர்ந்து எட்டு மேட்ச்ல 100ங்கற கால்வின் ஜான்சன் ரெக்கார்டு சமம் ஆச்சு. ஜான்சன் 2007 ட்ராஃப்ட்ல ரெண்டாவது பேரா கூப்ட்ட ஆளு, அவரு பக்கத்துல 254லயும் இல்லாத இவரு பேரு. ஆனா அதே மேட்ச்லதான் எதிராளி கோட்டுக்கு கிட்ட போயி தீலன் கைலருந்து பந்து நழுவுச்சு, அவங்க அத எடுத்துட்டு ஓட, மேட்ச் 30-20னு கைய வுட்டு போச்சு. அம்மாக்கு ஒண்ணும் புரியல, ஆனா அவன் மொகத்த பாத்து, அய்யோ பாவம் புள்ளனு சொன்னாங்க. ஒம்போதாவது மேட்ச்ல 22 யார்டு, ரெக்கார்டு அங்க நின்னுச்சு.

மீதிய சுருக்கமா சொல்லிடுறேன். 2019ல நாலு வருஷத்துக்கு 6 கோடியே 40 லட்சம் டாலர் காண்ட்ராக்ட், 2020ல 14 டச்டவுன், 2023ல கரோலினாக்கு போயி 33 வயசுல 103 கேட்ச், 2025 ஆகஸ்ட்ல திரும்ப அவர வைக்கிங்ஸே வாங்குனாங்க.

இத யாருகிட்டயாவது சொன்னா ஒடனே, பாத்தியா ஒழைச்சா எதுவும் கெடைக்கும்னு சொல்றாங்க. எனக்கு அதுல உடன்பாடு இல்ல. அன்னிக்கு ட்ரையல்க்கு வந்த மத்த பசங்களும்தான் ஒழைச்சிருப்பாங்க, என் கூட வெயில்ல உக்காந்திருந்த பசங்களும்தான். தீலனுக்கு இருந்தது கதவு. ட்ராஃப்ட் கதவு மூடுச்சா, ட்ரையல் கதவு. 53ல இல்லியா, ப்ராக்டிஸ் ஸ்குவாட்டு. பந்து தரலியா, ஸ்பெஷல் டீம்ஸ். ஒவ்வொரு கதவும் போன கதவ வுட சின்னதுதான், ஆனா தெறந்து இருந்துச்சு, அவரு குனிஞ்சு குனிஞ்சு உள்ள போனாரு. எனக்கு அன்னிக்கு செவுத்துல ஒரு பேப்பரு மட்டும்தான். அதுக்கு பின்னாடி ஒண்ணுமில்ல. நம்ம ஏரியால கால்ல திறமை உள்ள பசங்களுக்கு பஞ்சமே கெடையாது, ஒரு சந்துக்கு ரெண்டு பேர நான் காட்றேன், ஆனா 17 வயசுல ஒரு பேப்பர்ல பேரு வரலனா அப்டியே ஹார்பரு, இல்ல காசிமேடு, இல்ல டெலிவரி பைக்கு.

அதனாலதான் நாங்க காலைல பசங்களுக்கு சொல்லித்தர ஆரம்பிச்சதுலருந்து ஒரு வழக்கம் வெச்சிருக்கேன். டோர்னமென்ட்டுக்கு 16 பேர எடுத்தா, மீதி எட்டு பேரு பேரையும் அதே பேப்பர்ல ஒரு கோடு போட்டு கீழ எழுதுவேன். அந்த எட்டு பேரும் தெனமும் வரணும். புதன்கிழம அவங்கதான் எதிராளி டீமு. எந்த டீமோட ஆட போறோமோ அந்த டீமு பசங்க மாதிரி ஆடணும், அதுக்காக அவங்கள கூட்டிட்டு போயி அந்த டீமு மேட்ச்ச காட்டுவேன்.

போன வாரம் லிஸ்ட் போட்டேன். கோட்டுக்கு கீழ இருந்த ஒரு பையன் ரெண்டு நாளு வரல. 13 வயசு, எடது கால் பையன். வீட்டுக்கு போனேன், அவங்க அம்மா காசிமேட்டுலருந்து மீன் எடுத்துட்டு வந்து அப்போதான் கூடைய எறக்கி வெச்சாங்க, நீயே கேளுப்பா எங்ககிட்ட எதுவும் பேச மாட்றான்னு சொன்னாங்க. அவன் செவுத்த பாத்துட்டு படுத்திருந்தான்.

"நான்தான் லிஸ்ட்ல இல்லியேணா."

"கோட்டுக்கு கீழ இருக்க இல்ல. அவங்க லெஃப்ட் விங்கு ஒருத்தன் இருக்கான்டா, நம்ம ரைட் பேக்க கிழிச்சுருவான். நீதான் அவன மாதிரி ஆடி இவன ரெடி பண்ணனும், வேற எவனுக்கும் எடது கால் கெடையாது."

ஒண்ணும் சொல்லல. நான் தீலன் பன்ட்ட தடுக்குற வீடியோவ போன்ல போட்டு அவன் பக்கத்துல வெச்சுட்டு, அவங்க அம்மா குடுத்த தண்ணி குடிச்சுட்டு வந்துட்டேன்.

புதன்கிழம காலைல 5.30க்கு நான் போறதுக்கு முன்னாடியே ஷூ கட்டிட்டு கோல் போஸ்ட்டுக்கு பக்கத்துல உக்காந்திருந்தான். அன்னிக்கு நம்ம ரைட் பேக்க நாலு தடவ தாண்டி போனான், நாலாவது தடவ உள்பக்கமா வெட்டி கோலே போட்டான். ரைட் பேக்கு பையன் இடுப்புல கைய வெச்சு மூச்சு வாங்கிட்டே எங்கிட்ட வந்து, ணா, அவன அந்த சைடுக்கு மாத்துங்கணா ப்ளீஸ்னு கெஞ்சுனான். நான் மாத்தல.